பெரியப்பா பேசிய 'வயலும் வாழ்வும்' கேசட்: காப்பாற்ற வழி இருக்கா?

எங்க ஊர் வேலூர் மாவட்டம், அணைக்கட்டு ஊர்ப் பக்கம் இலவம்பாடி. முள்ளுக் கத்திரி போடுற பெரியப்பா, 90களில் சென்னைத் தொலைக்காட்சியின் 'வயலும் வாழ்வும்' விவசாய நிகழ்ச்சியில் சில தடவை வந்தார். நடிப்பெல்லாம் இல்லை, அவராகவே. தலையில் துண்டோடு, காம்பு முள்ளைத் தொட்டுக் காட்டிப் பேசுவார். ஊரில் இன்றும் அவர் 'டிவிக்காரர்'தான். 2023-ல் அந்தக் கத்திரிக்குப் புவிசார் குறியீடு கிடைத்ததிலிருந்து பேரப்பிள்ளைகள் அந்த நிகழ்ச்சியைப் பார்க்கணும் என்கிறார்கள்.

அதைப் பதிவு செய்த ஒரே விஎச்எஸ் வீடியோ கேசட்தான் இருக்கு, மூணு மணி நேரம் ஓடுற இ-180. நாடா ஓரமெல்லாம் வெள்ளைப் பூஞ்சை. போட்டால் படம் உருண்டு ஓடுது, குரல் விட்டுவிட்டு வருது. டெக்கில் (கேசட் போடுற விசிஆர்) நாடாவைப் படிக்கிற ஹெட்டைத் துடைத்துப் பார்த்தாச்சு. இணையத்திலும் தேடியாச்சு. கல்யாண வீடியோ கடைகளில் டெக்கே இல்லையாம். நாடா அறுந்துடும்னு இப்போ ஓட்டுறதில்லை.

வேலூர், காட்பாடி, ஆற்காடு பக்கம் பூஞ்சை பிடித்த நாடாவைச் சுத்தம் செய்து டிஜிட்டலாக்கித் தருபவர் யாரையாவது தெரியுமா?