3வது பிளாக் குடும்பங்கள் (தண்டையார்பேட்டை): திங்கட்கிழமை சாயங்காலம் பேசினது

தேவி 2வது மாடி, 6:38
எல்லாரும் கொஞ்சம் பாருங்க. டியூஷன் முடிச்சு ஏறி வந்த என் பையனை 4வது மாடி நாய் படிக்கட்டுத் திருப்பத்துல பாஞ்சு புடிச்சிருக்கு. முழங்கைக்கு மேல பல் பட்டிருக்கு. பை கிழிஞ்சு தொங்குது. புள்ள இன்னும் நடுங்கினே இருக்கான்.

பாஷா பாய் டெய்லர், 6:39
யா அல்லாஹ். இப்ப எப்படிமா இருக்கான்? கடைய சாத்திட்டு வரேன்.

மேரி அக்கா 1வது மாடி, 6:40
தேவி, ரத்தம் வந்துச்சா? கழுவினியா?

தேவி 2வது மாடி, 6:41
ரெண்டு இடத்துல லேசா கசியுது அக்கா. கழுவல. அத்தை மஞ்சள் வெச்சிருக்காங்க.

மேரி அக்கா 1வது மாடி, 6:41
மஞ்சளை எடுத்துடு. காபித்தூள், சுண்ணாம்பு, மிளகாய்த்தூள் எதுவும் வேணாம். குழாயைத் தொறந்து விட்டு ஓடுற தண்ணில சோப்பு போட்டு 15 நிமிஷம் கழுவு. கடிகாரத்தைப் பாத்து 15 நிமிஷம். அவன் அழுதாலும் விடாத. கிருமி உள்ள போறதுக்கு முன்னாடி பாதி வேலை அங்கயே முடிஞ்சுடும். கட்டு போடாத. நான் வரேன், ஸ்டான்லி ஆஸ்பத்திரிக்குப் போயிடலாம்.

கார்த்தி 4வது மாடி, 6:44
அக்கா, ரொம்ப சாரி. பெல்ட்டு கைல தான் இருந்துச்சு, சடார்னு இழுத்துட்டான். ராக்கிக்கு எல்லா ஊசியும் போட்டாச்சு, கார்டு இருக்கு. ராபீஸ் (வெறிநாய்க்கடி நோய்) பயம் வேணாம்.

மேரி அக்கா 1வது மாடி, 6:46
தம்பி, கார்டை போட்டோ எடுத்து அனுப்பு, டாக்டர் கிட்ட காட்டறேன். ஆனா நாய்க்கு ஊசி போட்டிருக்குன்னு புள்ளைக்குப் போடாம விடற வழக்கம் கிடையாது. ராபீஸ் வந்து அறிகுறி தெரிஞ்சுட்டா ஆளைக் காப்பாத்த முடியாது. வார்டுல நிறைய வருஷம் இருந்தவ சொல்றேன், தண்ணிய பாத்து மிரண்ட புள்ளைங்களைப் பாத்திருக்கேன். ரத்தம் கசிஞ்சா அது மூணாவது வகை. தடுப்பூசியோட, கிருமியை அங்கயே உடனே தடுக்கற இம்யூனோகுளோபுலின் மருந்தையும் காயத்தைச் சுத்திப் போடணும். டிடி (டெட்டனஸ்) ஊசியும் கேக்கணும். எல்லாம் அரசு ஆஸ்பத்திரில இலவசம்.

மேரி அக்கா 1வது மாடி, 6:47
கார்த்தி, நாயை 10 நாள் உன் வீட்டுலயே வெச்சுப் பாத்துக்க. எங்கயும் அனுப்பிடாத, யார்கிட்டயும் குடுத்துடாத. 10 நாள்ல நல்லா இருந்தா மிச்ச ஊசிய என்ன பண்றதுன்னு டாக்டர் முடிவு பண்ணுவாரு. கிளம்பறேன்.

லோகு ஆட்டோ, 6:52
வண்டி கீய நிக்குது, ஏறுங்க. ஆனா ஒண்ணு சொல்லிக்கறேன். இன்னாபா இது? எத்தினி வாட்டி சொன்னோம், பிட்புல்லை இந்த பிளாக்குல வெக்காதன்னு. ஜி.ஏ. ரோடு மறந்து பூட்ச்சா? 2023 நவம்பர்ல ராயபுரத்துல ஒரே நாயி கிட்டத்தட்ட 30 பேரைக் கடிச்சுது. எல்லா நாயையும் பிளாக்க வுட்டு அனுப்புங்க. தெரு நாயையும் சேத்துத் தான்.

பாஷா பாய் டெய்லர், 6:55
லோகு, அது தெரு நாய், அதுக்கு ராபீஸ் இருந்துச்சுன்னு அப்பறம் டெஸ்ட்ல தெரிஞ்சுது. நம்ம தெரு நாய் கருப்பி யாரையும் கடிச்சதில்ல. அதைப் புளியந்தோப்பு கார்ப்பரேஷன் சென்டருக்குக் கொண்டுபோய் கருத்தடை ஆபரேஷன் பண்ணி காதுல வெட்டு போட்டு கொண்டுவந்து வுட்டாங்க. அதையும் இதையும் ஒண்ணாக்காத.

லோகு ஆட்டோ, 6:56
வண்டி ஓட்டறேன் பாய். அப்பால பேசறேன்.

சுந்தரம் மாமா (செயலாளர்), 7:10
எல்லாரும் அமைதியா இருங்க. மொதல்ல கொழந்தை. கார்த்தி, உன்கிட்ட ரெண்டு கேள்வி. லைசென்ஸ் இருக்கா? வாய்மூடி ஏன் போடல?

கார்த்தி 4வது மாடி, 7:14
லைசென்ஸ் இருக்கு மாமா, போன நவம்பர்லயே எடுத்துட்டேன். வாய்மூடி அவனுக்குப் புடிக்கல, போட்டா மூச்சு வாங்கறான். இன்னொண்ணு, ராக்கி பிட்புல் இல்ல. அமெரிக்கன் புல்லி. எங்க வீட்டுல என் அக்கா பொண்ணு அவன் மேல படுத்துத் தூங்குவா. நாலு வருஷத்துல ஒரு தடவை உறுமினது இல்ல.

அன்பு (கால்நடை மாணவன்), 7:21
கார்த்தி அண்ணா, நான் வேப்பேரி காலேஜ்ல தான் இருக்கேன், இப்ப தான் படிச்சேன். லைசென்ஸ்ல எந்த இனம்னு போட்டீங்க?

கார்த்தி 4வது மாடி, 7:24
மிக்ஸ்னு போட்டேன். கடைல அப்படித் தான் சொன்னாங்க.

அன்பு (கால்நடை மாணவன்), 7:31
அதைத் திருத்தணும் அண்ணா. பேரு என்னவா இருந்தாலும் உடம்பு ஒண்ணு தான். இங்கிலாந்துல பிட்புல்லுக்கு 1991லயே சட்டம் போட்டுத் தடை பண்ணாங்க. அப்பறம் புல்லின்னு வேற பேருல பெரிய நாய்ங்க வந்துச்சு, ஆளுங்க செத்தாங்க. 2024 பிப்ரவரில இருந்து எக்ஸ்.எல். புல்லியையும் அனுமதி இல்லாம வெச்சுக்கக் கூடாதுன்னாங்க. ஆண் நாய் தோள் உயரம் 51 சென்டிமீட்டர், பெண் 48. அதுக்கு மேல இருந்து, உடம்பும் தலையும் அந்த அமைப்புல இருந்தா அந்தக் கணக்கு. அப்பா அம்மா என்ன ஜாதின்னு பேப்பர்ல பாக்கறதில்ல.

கார்த்தி 4வது மாடி, 7:34
அப்ப நம்ம ஊரு கோர்ட்டு ஏன் ஒத்துக்கல? 2024 மார்ச்சுல மத்திய அரசு 23 இனம் வேணாம்னு சுற்றறிக்கை விட்டாங்க. கர்நாடக ஹைகோர்ட்டு ரத்து பண்ணிடுச்சே.

அன்பு (கால்நடை மாணவன்), 7:40
யாரையும் கலந்து பேசாம போட்டாங்கன்னு ரத்து பண்ணாங்க அண்ணா. இந்த நாய்ங்களால ஆபத்தே இல்லைன்னு கோர்ட்டு சொல்லல. அதுக்கப்பறம் 2025 டிசம்பர்ல நம்ம மாநகராட்சியே பிட்புல், ராட்வீலர் ரெண்டுக்கும் புது லைசென்ஸ் கிடையாதுன்னு முடிவு பண்ணிடுச்சு. ஏற்கெனவே வெச்சிருக்கறவங்க வெளிய கூட்டிட்டு வந்தா பெல்ட்டும் வாய்மூடியும் கட்டாயம்.

சுந்தரம் மாமா (செயலாளர்), 7:43
அது சும்மா வந்த முடிவு இல்ல கார்த்தி. 2024 மே மாசம் நுங்கம்பாக்கம் பார்க்குல ரெண்டு ராட்வீலர் அஞ்சு வயசுப் பொண்ணைக் கடிச்சுக் கொதறிச்சே. மண்டைத் தோல் கிழிஞ்சு ஆபரேஷன் பண்ணாங்க. 2025 ஆகஸ்ட்ல ஜாபர்கான்பேட்டைல பிட்புல் கடிச்சு ஒருத்தர் செத்தே போனாரு. அவங்க வீட்டுலயும் ‘எங்க நாய் ஒண்ணும் பண்ணாது’ன்னு தான் நெனச்சிருப்பாங்க. லக்னோல 2022ல மகன் வளத்த பிட்புல் வீட்டுல இருந்த 82 வயசு அம்மாவையே கொன்னுடுச்சு.

கார்த்தி 4வது மாடி, 7:47
லட்சம் நாய்ல ஒண்ணு அப்படி மாமா. இனத்துக்கும் குணத்துக்கும் சம்பந்தம் இல்லைன்னு ஆராய்ச்சியே வந்திருக்கு. அன்பு, சொல்லுடா.

அன்பு (கால்நடை மாணவன்), 7:58
வந்திருக்கு, முழுசா சொல்றேன். 2022ல சயன்ஸ் பத்திரிகைல வந்துச்சு, 18,000க்கு மேல நாய்ங்களைப் பத்தி ஓனருங்க கிட்ட கேட்டு செஞ்சது. ஒரு நாய் எப்படி நடந்துக்குங்கறதுல இனத்தோட பங்கு சுமார் 9 சதவீதம் தான். மிச்சம் வளப்பு, வயசு, அந்தந்த நாயோட சொந்த சுபாவம். அதனால இனத்தைப் பாத்து ஒரு நாயை நல்லவன் கெட்டவன்னு சொல்ல முடியாது. அதுல உங்க பக்கம் நிக்கறேன்.

அன்பு (கால்நடை மாணவன்), 8:02
ஆனா கடிக்குமாங்கறது ஒரு கேள்வி. கடிச்சா என்ன ஆகுங்கறது வேற கேள்வி. தேவி அக்காவுக்கு ரெண்டாவது தான் முக்கியம். பொமரேனியன் கடிச்சா நாலு பல்லு பதியும், விட்டுட்டு ஓடிடும். ராக்கி 35 கிலோ இருப்பானா? அந்த வகை வந்த வம்சத்தை நாய்ச் சண்டைக்குன்னு வளத்தாங்க. புடிச்சா விடாம தலையை ஆட்டும், சதை கிழியும். தம்பி சின்னப் பையன், ராக்கி பாஞ்சா முகத்துக்கே எட்டிடும். இன்னிக்கு பை மாட்டிக்கிச்சு, அதனால முழங்கையோட போச்சு. பை இல்லாம இருந்தா பல்லு முகத்துலயோ கழுத்துலயோ தான் விழுந்திருக்கும்.

தேவி 2வது மாடி, 8:05
அதை நெனச்சா தான் எனக்குக் கை கால் ஓடல. ஊசி போட்டாச்சு. காயத்தைச் சுத்திப் போடும்போது புள்ள கத்தினான் பாருங்க. மேரி அக்கா இல்லாட்டி நான் அங்கயே உக்காந்திருப்பேன்.

மேரி அக்கா 1வது மாடி, 8:09
தேவி, தேதிய எழுதி வெச்சுக்க. இன்னிக்கு மொத ஊசி. வியாழன் ரெண்டாவது, அடுத்த திங்கள் மூணாவது, 28வது நாள் கடைசி. ஒண்ணைக் கூட விடக் கூடாது. காய்ச்சல் அடிச்சாலும் கூட்டிட்டுப் போகணும்.

கார்த்தி 4வது மாடி, 8:12
தேவி அக்கா, செலவு, ஆட்டோ, பை எல்லாம் என் பொறுப்பு. வியாழக்கிழமை நானே கூட வரேன்.

தேவி 2வது மாடி, 8:15
காசு வேணாம் கார்த்தி. எனக்குப் படிக்கட்டு வேணும். நாலடி அகலம். அந்தத் திருப்பத்துல பாதி இடத்தைச் சைக்கிளும் தண்ணி டிரம்மும் புடிச்சிருக்கு. மேல இருந்து நாய் எறங்கினா கீழ இருந்து வர்ற புள்ள எங்க ஒதுங்கும்? செவுத்துல ஒட்டிக்கணுமா? நாலு வருஷமா என் புள்ளைங்க உன் கதவு தொறக்குற சத்தம் கேட்டாலே வீட்டுக்குள்ள ஓடி வருதுங்க. நீ அதைக் கவனிச்சதே இல்ல.

கார்த்தி 4வது மாடி, 8:21
தெரியலக்கா. அவனைப் புடிக்கும்னு தான் பசங்க ஓடறாங்கன்னு நெனச்சிட்டேன்.

அன்பு (கால்நடை மாணவன்), 8:30
அண்ணா, அந்த பெல்ட்டு தான் மொத வில்லன். பட்டன் அமுக்கினா நீளுமே, அஞ்சு மீட்டர் கயிறு. படிக்கட்டுல அதைப் புடிச்சா நாய் ஒரு மாடி முன்னாடி போயிடும், நீங்க பாக்கறதுக்குள்ள அது திருப்பத்துல நிக்கும். நாலடி நீளத்துல தடிப்பான பெல்ட்டு வாங்குங்க, படிக்கட்டுல அதையும் கைல சுருட்டிப் புடிங்க. வாய்மூடில மூச்சு வாங்குதுன்னீங்களே, அது துணில இறுக்கிக் கட்டற டைப்பு. நாய்க்கு நம்மள மாதிரி உடம்பு பூரா வேர்க்காது, வாயைத் தொறந்து நாக்கை நீட்டித் தான் சூட்டை எறக்கும். நம்ம ஊரு வெயில்ல அதைக் கட்டினா மயங்கிடும். கூடை மாதிரி இருக்கற வாய்மூடி வாங்குங்க. உள்ள வாயைத் தொறக்கலாம், தண்ணி குடிக்கலாம், கடிக்க மட்டும் முடியாது. ஒரு வாரம் அதுக்குள்ள தீனி வெச்சுப் பழக்கினா தானா மூஞ்சிய நீட்டும். நான் வந்து சொல்லித் தரேன்.

பாஷா பாய் டெய்லர், 8:34
இன்னொண்ணு கார்த்தி. நீ வேலைக்குப் போனப்பறம் அது பால்கனில கட்டியே கெடக்குது. காலைல இருந்து ராத்திரி வரைக்கும் செயின்ல கெடந்த ஜீவன் கதவு தொறந்தா எப்படிப் பாயும்? அதையும் யோசி. அதுவும் பாவம்.

லோகு ஆட்டோ, 8:40
பாவம் பாய், ஒத்துக்கறேன். ஆனா பத்துக்குப் பத்து ரூம்புல, நாப்பது குடும்பம் ஏறி எறங்கற படிக்கட்டுல அத வளக்கறது அதுக்கும் நல்லதில்ல, நமக்கும் நல்லதில்ல. தோட்டம் தொறவு இருக்கறவங்க வெச்சுக்கற நாயி அது. இன்னிக்கு வாய்மூடி போடுவான். ஒரு நாள் அவசரத்துல போடாம எறங்குவான். அந்த ஒரு நாள் போதும். நான் கார்ப்பரேஷன்ல மனு குடுக்கத் தான் போறேன். கார்த்தி மேல கோவம் இல்ல.

மேரி அக்கா 1வது மாடி, 8:44
லோகு சொல்றதுல நியாயம் இருக்கு. எனக்கும் அது தான் மனசுல ஓடுது. ஆனா இந்த 10 நாள் நாய் இங்கயே இருக்கட்டும், கண்ணுக்கு முன்னாடி இருக்கணும். யாரும் அதுக்குக் கல்லெறியறதோ சோத்துல எதையாவது கலக்கறதோ வேணாம். அப்படிச் செஞ்சா நாய்க்கு ராபீஸ் இருந்துச்சா இல்லையான்னு நமக்குத் தெரியாமலே போயிடும். பாவமும் நம்ம தலைல.

சுந்தரம் மாமா (செயலாளர்), 8:58
சரி, இது தான் முடிவு. ஒத்துக்காதவங்க இப்பவே சொல்லிடுங்க. நாளைல இருந்து சைக்கிள், டிரம் எல்லாம் படிக்கட்டுல இருந்து எடுக்கணும், என் வீட்டுதும் சேத்து. ராக்கி வெளிய வந்தா சின்ன பெல்ட்டு, கூடை வாய்மூடி ரெண்டும் இருக்கணும். ஸ்கூல் விடற நேரம், டியூஷன் விடற நேரம் எறக்கக் கூடாது. காலைல 5 மணிக்கும் ராத்திரி 10 மணிக்கு மேலயும் எறக்கலாம். எறங்கறதுக்கு முன்னாடி கார்த்தி இந்தக் குரூப்ல ஒரு மெசேஜ் போடணும். 10 நாள் முடிஞ்சதும் திரு.வி.க. நகர் செல்லப்பிராணி கிளினிக்குல காட்டி, அடையாள சிப் போட்டு, லைசென்ஸ்ல இனத்தைச் சரியா எழுதிக்கணும். இதை மீறினா அசோசியேஷனே போலீஸ்ல எழுதிக் குடுக்கும். நாயை அஜாக்கிரதையா வெச்சு ஆளுக்கு ஆபத்து வந்தா பிஎன்எஸ் (பாரதிய நியாய சன்ஹிதா) சட்டம் 291வது பிரிவுல ஆறு மாசம் வரைக்கும் ஜெயில் இருக்கு. பயமுறுத்தறதுக்குச் சொல்லல, தெரிஞ்சுக்க.

கார்த்தி 4வது மாடி, 9:06
ஒத்துக்கறேன் மாமா. இனத்தை மாத்தி எழுதறேன். செங்குன்றத்துல சித்தப்பாவுக்கு காம்பவுண்டு போட்ட எடம் இருக்கு, 10 நாள் ஆனப்பறம் அங்க வெக்க முடியுமான்னு கேக்கறேன். உடனே சொல்ல முடியல, அவனை விட்டு இருக்க எனக்குக் கஷ்டம். லோகு அண்ணா, நீங்க மனு குடுங்க. வந்து பாக்கட்டும்.

அன்பு (கால்நடை மாணவன்), 9:10
ஞாயித்துக்கெழம சாயங்காலம் பசங்களை மொட்டை மாடிக்கு அனுப்புங்க, அரை மணி நேரம் போதும். நாய் பாஞ்சு வந்தா ஓடக் கூடாது, கத்தக் கூடாது, கையைக் கட்டிக்கிட்டு கீழ பாத்து மரம் மாதிரி நிக்கணும். தள்ளி விட்டுடுச்சுன்னா சுருண்டு படுத்து ரெண்டு கையாலயும் கழுத்தை மூடிக்கணும். செஞ்சு காட்டிப் பழக்கறேன். தெரு நாய்க்கும் இதே தான்.

பாஷா பாய் டெய்லர், 9:12
என் பேரப் புள்ளைங்க மூணு பேரு வரும். பையைக் கொண்டா தேவி, கிழிஞ்சதைத் தெச்சுத் தரேன்.

தேவி 2வது மாடி, 9:15
நாளைக்குக் குடுக்கறேன் பாய். கார்த்தி, வியாழக்கிழமை காலைல 8 மணிக்கு வா, ஆஸ்பத்திரில க்யூ நிக்கணும். நான் கடைய தொறந்துட்டு பின்னாடி வந்துடறேன். நாயை உள்ள பூட்டிட்டு வா.