அணு உலைக் கதவின் சத்தம் இசையாகுமா?

வயலின்மாணவி:
ஐஸ்லாந்தின் ஹில்தூர் குத்னதோத்திர் சிறு வயதிலிருந்தே செல்லோ (வயலின் குடும்பத்துப் பெரிய வில் வாத்தியம்) பயின்றவர். அணு உலை விபத்தைச் சொல்லி 2019-இல் வந்த ‘செர்னோபில்’ தொடரின் பின்னணி இசைக்காக எம்மி, கிராமி விருதுகளை வாங்கினார். தொடரை இரண்டு முறை பார்த்துவிட்டேன். நெஞ்சு அடைக்கிறது, ஒப்புக்கொள்கிறேன். ஆனால் அதில் செல்லோ எங்கே? மூடிய அணுமின் நிலையத்தின் இரைச்சலும் அவர் குரலும்தான் கேட்கின்றன. இது அருமையான ஒலி வடிவமைப்பு. இசை விருது எதற்கு? விரல் தேய வாசித்துப் பழகியது இதற்குத்தானா?

மிக்ஸிங்மேசை:
இதற்கும்தான். லிதுவேனியாவின் இக்னாலினா நிலையத்தில் பதிவு செய்தார்கள். செர்னோபில்லில் இருந்த அதே வகை உலை, 2009-இல் நிறுத்தப்பட்டது. பாதுகாப்பு உடை மாட்டிக்கொண்டு, காட்டுயிர் ஒலிப்பதிவில் பெயர்பெற்ற கிறிஸ் வாட்சனோடு ஹில்தூர் உள்ளே போனார். அங்கே ஒரு கதவு எழுப்பிய ஒலியிலிருந்து ஒரு முழுப் பகுதியே பிறந்தது. அப்புறம் அந்தக் கூடங்களின் எதிரொலியைத் தனியாகப் பதிந்தார்கள். ஸ்டூடியோவில் பாடிய குரலை அதற்குள் வைத்தால், உலைக்குள் நின்று பாடியதுபோல் ஆகிவிடும்.

கதவுச் சத்தம் எல்லோர் காதிலும் விழும். அதில் எந்தச் சுரம் நிற்கிறது, குரலை அதன்மேல் எங்கே வைப்பது என்பது பழகிய காதுக்குத்தான் தெரியும். தம்பூராவில் சுருதி சேர்த்துப் பழகியவருக்கு மின்விசிறியிலும் சுருதி கேட்குமே!

வயலின்மாணவி:
சரி, ஆனால் தம்பூரா மட்டும் கச்சேரி ஆகாது. ஹில்தூரே இசையமைத்த ‘ஜோக்கர்’ படத்தைக் கேளுங்கள். திரைக்கதையைப் படித்துவிட்டு, படப்பிடிப்புக்கு முன்பே செல்லோவோடு உட்கார்ந்து கண்டெடுத்த இசை. கழிப்பறைக் காட்சியில் வாக்கீன் ஃபீனிக்ஸ் அதைக் கேட்டபடியே ஆடினார். வில் இழுத்த இழுப்பில் ஒரு நடிகரின் உடம்பு அசைகிறது! 2020 ஆஸ்கர் அதற்குக் கிடைத்ததில் எனக்கு முழுச் சம்மதம்.

மிக்ஸிங்மேசை:
அந்தச் செல்லோவுக்குப் பின்னால் பெரிய ஆர்கெஸ்ட்ரா இருக்கிறது. ஆரம்பத்தில் அது இருப்பதே தெரியாது. ‘செர்னோபில்’ தொடரில் ஆர்கெஸ்ட்ராவின் இடத்தில் உலைக் கட்டடத்தின் ஒலி நிற்கிறது. கதிர்வீச்சு கண்ணுக்குத் தெரியாது. உண்மையில் மனிதர்கள் செத்த கதை அது. அங்கே உருக்கமாகச் செல்லோ வாசித்தால், ‘இப்போது அழுங்கள்’ என்று பார்ப்பவருக்கு உத்தரவு போட்டதாகிவிடும்.

குறும்படஒலி:
குறுக்கே வருகிறேன், மன்னிக்கவும். நம் ஊர் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ்; டிரான்ஸ்ஃபார்மர் 100 ஹெர்ட்ஸில் முனகும். ஒரு படத்துக்கு அந்த முனகலை நான் சேர்த்தேன்; இசையமைப்பாளர் வேறு சுருதியில் புல்லாங்குழல் அனுப்பினார். இரண்டும் முட்டிக்கொண்டன, கடைசியில் முனகலை வெட்டினோம். காட்சியே செத்துப்போனது. இரண்டையும் ஒரே காது கேட்டிருந்தால் வெட்ட வேண்டியே இருந்திருக்காது.

வயலின்மாணவி:
இது நியாயம். அந்த முட்டல் எனக்குத் தோன்றவே இல்லை. விருதுக்கு இன்னொரு பிரிவு வேண்டும் என்பதில் நான் மாறவில்லை. ஆனாலும் இன்றிரவு ஹெட்ஃபோன் போட்டுக்கொண்டு, கதவு எந்தச் சுரத்தில் நிற்கிறது என்று வயலினில் தேடிப் பார்க்கிறேன்.