துளித்தவத்துக்கு என்ன விலை வைக்கலாம்? ஃபேன்டஸி நாவலுக்கு யோசனை தேவை

வைகைக்கரை:
வணக்கம். நான் எழுதும் நாவல் மாகுன்றம் என்கிற கற்பனை நாட்டில் நடக்கிறது, ஆனால் அங்கே இருக்கிற மலைகள் எல்லாம் நம்ம மதுரைப் பக்கத்துக் கீழக்குயில்குடி, அரிட்டாபட்டி, மாங்குளம் பாறைகள்தான். அங்கே துளியர் என்று ஒரு கூட்டம். குகைக்குள் வெட்டிய கற்படுக்கையில் மல்லாந்து படுத்து, வாசலில் சொட்டும் மழைத்துளியைக் கேட்டுக்கொண்டே இருப்பார்கள். மூச்சு மெல்ல மெல்லத் துளியின் இடைவெளிக்கு வந்து சேரும். இரண்டு துளிக்கு நடுவில் உள்ள அமைதியில் அது முழுசாக அடங்கிவிட்டால், அதே படுக்கையில் முன்பு படுத்திருந்தவர் வாழ்நாளில் கேட்டதெல்லாம் இவருக்கும் கேட்கும். அவருக்கு முன்னால் படுத்தவர், அவருக்கும் முன்னால் என்று இறங்கிக்கொண்டே போகலாம்.

படித்துப் பார்த்தவர்கள் எல்லாரும் ஒரே குறையைத்தான் சொல்கிறார்கள். நாயகி செவ்வந்தி இரண்டாம் அத்தியாயத்தில் கற்றுக்கொள்கிறாள், ஐந்தாம் அத்தியாயத்தில் பழைய அரசரின் ரகசியத்தையே கேட்டுவிடுகிறாள், அப்புறம் எந்தச் சிக்கல் வந்தாலும் போய்ப் படுத்தால் விடை கிடைத்துவிடுகிறது. எனக்கு இது தவமாகவே இருக்க வேண்டும். என்ன கட்டுப்பாடு, என்ன இழப்பு வைக்கலாம்? ஒவ்வொரு தடவையும் ஆயுளில் ஒரு வருஷம் குறையும் என்பது மட்டும் வேண்டாம், அது ஏற்கெனவே நிறையக் கதைகளில் வந்துவிட்டது.

மேலூர்க்காரன்:
ரொம்ப நல்ல கற்பனை. நான் இந்த மலைகளில் சின்ன வயசிலிருந்து ஏறி இறங்குகிறவன், அதனால் பாறையிலிருந்தே தொடங்குகிறேன். குகையின் நெற்றியில் நீளமாக ஒரு காடி வெட்டியிருப்பார்கள், பார்த்திருப்பீர்கள். மேலிருந்து வழியும் மழைத்தண்ணீர் படுக்கைப் பக்கம் வராமல் வெளியிலேயே விழுவதற்காக வெட்டியது. உங்கள் துளியருக்கு முதல் வேலை தியானமாக இருக்கக் கூடாது, காடி வெட்டுவதாக இருக்கட்டும். காடி கோணலானால் தண்ணீர் பாறையோடு உள்ளே ஒழுகும், துளி ஒரே இடத்தில் விழாது. பல வருஷம் உளி பிடித்த பிறகுதான் ஒருவருக்குப் படுக்கையே கிடைக்கும், அதுவும் வேறு யாரோ முன்பு வெட்டிய காடியின் கீழே. செவ்வந்தி இரண்டாம் அத்தியாயத்தில் கற்றுக்கொள்வது உளி பிடிப்பதாக இருந்தால் கதையின் வேகமே மாறிவிடும்.

அடுத்தது மழை. நம்ம பக்கம் பெரிய மழை ஐப்பசி, கார்த்திகையில்தான். பங்குனி, சித்திரையில் அந்தப் பாறையில் கால் வைக்க முடியாது, துளிக்கு எங்கே போவது? அடைமழையிலும் முடியாது, துளி தாரையாகிவிடும், நடுவில் இடைவெளியே இருக்காது. மழை விட்ட பிறகு சொட்டுகிற கொஞ்ச நேரம்தான் தவத்துக்கு உண்டு. இந்தக் குகைகளில் அந்தக் காலத்தில் தங்கிய சமணத் துறவிகளும் மழைக்காலத்து நாலு மாதம் மட்டும் ஓரிடத்தில் தங்கிவிட்டு, மற்ற மாதங்களில் ஊர் ஊராக நடப்பவர்கள்தான். மழையில் முளைத்த சின்ன உயிர்கள் காலில் மிதிபடக் கூடாது என்பதற்காக அந்தத் தங்கல். துளியரையும் மீதி நாளெல்லாம் நடக்க விடுங்கள். பங்குனியில் எதிரி வந்து நிற்கும்போது செவ்வந்தி என்ன செய்வாள் என்று யோசித்துப் பாருங்கள்.

மூச்சுக்கணக்கு:
யோகா சொல்லிக்கொடுக்கிறேன், அந்தப் பக்கத்திலிருந்து சொல்கிறேன். திருமந்திரத்தில் பூரகம், அதாவது மூச்சை இழுப்பது, 16 மாத்திரை; கும்பகம், உள்ளே நிறுத்துவது, 64; ரேசகம், வெளியே விடுவது, 32. மாத்திரை என்றால் கண் இமைக்கிற நேரம். அங்கே கணக்கு பயிற்சி செய்பவர் கையில் இருக்கிறது. உங்கள் தவத்தில் கணக்கை மழை வைக்கிறது, உடம்பு அதற்கு இணங்க வேண்டும். நாவலின் உயிரே இதுதான் என்று எனக்குத் தோன்றுகிறது, தயவுசெய்து இதை விட்டுவிடாதீர்கள்.

இழப்புக்கு என் யோசனை: கேட்பவரும் கேட்கப்படுவார். செவ்வந்தி எழுந்து போனதும் அவள் கேட்டது எல்லாம், அம்மா பேசியது, காதலன் சொன்னது, அவைக்களத்து ரகசியம் எல்லாம், அந்தக் கல்லில் தங்கிவிடும். நாளைக்கு எதிரியே வந்து அங்கே படுக்கலாம். அப்படியானால் மனசில் எதையும் ஒளிக்க வேண்டியில்லாதவர்தான் அச்சமின்றிப் படுக்க முடியும். இந்தத் தவத்துக்கு வேறு தகுதியே வேண்டாம்.

ஒரு வேண்டுகோள், மூச்சை இவ்வளவு நேரம் அடக்கினாள் என்று எண் போட்டு எழுதாதீர்கள். இளவட்டங்கள் தனியாகச் செய்துபார்ப்பார்கள், இதய நோய், ரத்த அழுத்தம் உள்ளவர்களுக்கு அது ஆபத்து.

கீழமாசிவீதி:
யாருமே சோற்றைப் பற்றிப் பேசவில்லையே. அழகர்மலைக் குகையில் தமிழ் பிராமி என்கிற பழைய எழுத்தில் வெட்டிய கல்வெட்டுகளில் உப்பு வணிகன், கொழு வணிகன், பாணித வணிகன், அறுவை வணிகன், பொற்கொல்லன் எல்லாரும் வருகிறார்கள். உப்பு, ஏர்க்கொழு, வெல்லப்பாகு, துணி விற்றவர்கள். மாங்குளம் கல்வெட்டில் பாண்டிய மன்னன் நெடுஞ்செழியன் பெயரே இருக்கிறது. மலைமேல் இருந்தவர்களை ஊர்தான் தாங்கியிருக்கிறது. மாகுன்றத்திலும் ஒரு உப்பு வணிகர் படுக்கை வெட்டிக் கொடுக்கட்டும். பிறகு ஒருநாள் வந்து, போட்டி வணிகன் போன மழைக்கு இங்கே படுத்தானே, அவன் எந்தத் துறைமுகத்தைப் பற்றிக் கேட்டான் என்று கேட்கட்டும். துளியர் மறுத்தால் அரிசி நிற்கும்.

குறிஞ்சிமுகம்:
எனக்கு இதில் உடன்பாடில்லை. காடி, பருவம், கொடையாளி என்று எல்லாவற்றுக்கும் விதி போட்டால் மர்மம் போய்விடும். துளி ஏன் பேசுகிறது என்பதையாவது யாரும் விளக்காமல் விட்டுவிடுங்கள்.

வைகைக்கரை:
எல்லாருக்கும் நன்றி. மேலூர் அண்ணன் சொன்ன மழையும் யோகா ஆசிரியர் சொன்ன இழப்பும் அப்படியே கதைக்குள் வருகின்றன. உப்பு வணிகருக்குத் தனி அத்தியாயமே உண்டு. குறிஞ்சிமுகம் கேட்டபடி, துளி ஏன் பேசுகிறது என்று துளியருக்கே தெரியாது, அவர்கள் அதைக் கேட்டுக்கொள்வதும் இல்லை. ஐந்தாம் அத்தியாயத்தை மொத்தமாகக் கிழித்துவிட்டுப் புதிதாக எழுதுகிறேன். எதிரி வருவது பங்குனியில்தான்.