நிவாரணம் என் கணக்கில் வந்த கதை

வேளச்சேரியில் வாடகை வீடு, தரமணியில் வேலை, மன்னார்குடிப் பக்கம் மூன்று ஏக்கர் நஞ்சை. அப்பா போனபிறகு பட்டா என் பெயருக்கு மாறியது, அவ்வளவுதான். உழுவது, நடுவது, வரப்பு வெட்டுவது எல்லாம் ஊரில் ஒரு சித்தப்பா. சொந்தச் சித்தப்பா இல்லை, கூப்பிட்டுப் பழக்கம். வாய்மொழிக் குத்தகை, ஒரு துண்டுச் சீட்டுகூடக் கிடையாது.

2022 சம்பாவுக்குப் பயிர்க் காப்பீடு கட்டும் கெடு நெருங்கியபோது போன் செய்தார். "தம்பி, சிட்டா எடுத்து அனுப்புப்பா, அடங்கல் நான் வாங்கிக்கிறேன்." சிட்டா என்பது நிலம் யார் பெயரில் என்று காட்டும் சான்று, அடங்கல் என்பது எந்த நிலத்தில் என்ன பயிர் என்ற கிராமக் கணக்கு. ஆபீஸில் உட்கார்ந்தபடியே ஆன்லைனில் எடுத்து வாட்ஸ்அப்பில் தள்ளிவிட்டேன். பிரீமியம் ஏக்கருக்கு ஐநூற்றுச் சொச்சம், அவர்தான் கட்டினார். சம்பா நெல்லுக்கு விவசாயி கட்டுவது காப்பீட்டுத் தொகையில் ஒன்றரை சதவீதம், மீதிப் பிரீமியத்தை மத்திய, மாநில அரசுகள் போடுகின்றன. இதுவும் மானியம்தான், யாரும் அப்படிச் சொல்வதில்லை.

2023 பிப்ரவரி முதல் வாரம், அறுக்க வேண்டிய நேரத்தில் மழை. சனிக்கிழமை மன்னை எக்ஸ்பிரஸ் பிடித்துப் போனேன். மூன்று ஏக்கரும் படுத்துக் கிடந்தது, சில இடத்தில் கதிரிலேயே முளைத்திருந்தது. சித்தப்பா ஒன்றும் சொல்லாமல் ஒரு பிடி அரிந்து என் கையில் கொடுத்தார்.

காப்பீட்டில் பத்துப் பைசா வரவில்லை. ஏன் என்று விசாரித்தபோதுதான் புரிந்தது, காப்பீடு நம் வயலைப் பார்ப்பதே இல்லை, வருவாய்க் கிராமத்தைப் பார்க்கிறது. கிராமத்தில் சில வயல்களைக் குறித்து, ஐந்துக்கு ஐந்து மீட்டர் அளந்து, அறுத்து எடை போடுவார்கள், அதுதான் பயிர் அறுவடைப் பரிசோதனை. கடந்த ஏழு வருடத்தில் நல்ல ஐந்தின் சராசரியை எடுத்து அதிலிருந்து உத்தரவாத மகசூல் கணக்கிடுகிறார்கள். கிராமத்து மகசூல் அதற்குக் கீழே போனால்தான் பணம். எங்கள் ஊரில் பரிசோதனை நடந்தது மேட்டு வயல்களில். எங்களுடையது பள்ளக்கால்.

ஆனால் அரசு நிவாரணம் வந்தது. 33 சதவீதத்துக்கு மேல் பாதித்த நெல்லுக்கு ஹெக்டேருக்கு 20,000 ரூபாய் என்று முதல்வர் அறிவித்தது. எங்களுக்கு 24,000 சொச்சம். கேன்டீனில் காபி குடிக்கும்போது எஸ்எம்எஸ், பணம் என் கணக்கில்! அடங்கலில் என் பெயர்தானே இருக்கிறது. அப்போதே சித்தப்பாவுக்கு அனுப்பிவிட்டேன், "நீ பாதி வச்சுக்கப்பா" என்றார், கூச்சமாகப் போய்விட்டது. அனுப்பாத ஆட்களும் இருக்கிறார்கள், பெயர் வேண்டாம்.

மத்திய அரசு விவசாயிகளுக்கு வருடாவருடம் தரும் பி.எம். கிசான் ஆறாயிரம் இன்னும் வேடிக்கை. குத்தகைதாரருக்குக் கிடையாது, வருமான வரி கட்டுவதால் எனக்கும் கிடையாது. ஆக எங்கள் மூன்று ஏக்கருக்கு யாருக்குமே இல்லை.

உங்கள் அனுபவத்தையும் எழுதுங்கள்.

அம்பத்தூர்க்காரன்: எங்களுக்குப் பட்டுக்கோட்டைப் பக்கம் தென்னந்தோப்பு. 2018 நவம்பர் 16, கஜா புயல். தாத்தா வைத்த மரமெல்லாம் ஒரே ராத்திரியில் சாய்ந்தது. மரத்துக்கு 600, வெட்டி அகற்ற 500, மொத்தம் 1,100 ரூபாய் நிவாரணம். தென்னைக்குத் தனிக் காப்பீடு உண்டு, பதினாறு வயது முதலான மரத்துக்கு நம் பங்கு அப்போது வருடம் 3 ரூபாய் 50 காசு, இழப்பீடு 1,750. டீக்காசுகூட இல்லை. புயலுக்கு அப்புறம்தான் அப்படி ஒன்று இருப்பதே எங்களுக்குத் தெரியும், எரிச்சலாக வந்தது.

பெரம்பூர் வாசகி: 72 மணி நேரத்துக்குள் தகவல் சொன்னால் தனி வயலுக்கே இழப்பீடு தருவார்கள் என்று கேள்விப்பட்டேனே?

பதிவிட்டவர்: சொல்லலாம் அக்கா, ஆனால் எங்களுக்கு நடந்தபோது, நிற்கிற நெல் மூழ்கினால் அந்த வழி இல்லை, 2018-இல் எடுத்துவிட்டார்கள். 2026 காரிஃபிலிருந்து (ஜூன் வாக்கில் தொடங்கும் பருவம்) மறுபடி சேர்ப்பதாக அறிவித்திருக்கிறார்கள். அறுத்து வயலில் காயப்போட்டது புயல் மழையிலோ பருவம் தவறிய மழையிலோ நனைந்தால், அறுத்த 14 நாளுக்குள் நடந்த இழப்புக்குக் கேட்கலாம்.

அம்பத்தூர்க்காரன்: அதெல்லாம் சரி, சித்தப்பாவுக்குக் குத்தகைச் சீட்டு எழுதிக் கொடுத்தீர்களா? சீட்டு இருந்தால் அவர் பெயரிலேயே காப்பீடு போடலாமே.

பதிவிட்டவர்: இன்னும் இல்லை. குத்தகைப் பதிவு என்றாலே நிலம் கையை விட்டுப் போய்விடும் என்று அம்மாவுக்குப் பயம், பொய் சொல்வானேன், எனக்கும்தான். பொங்கலுக்குப் போகிறேன், அப்போது பேச வேண்டும்.