ஆர்கேடில் கார்டு தேய்த்தால் எத்தனை ராண்ட் போகிறது? உங்கள் அனுபவத்தைச் சொல்லுங்கள்

மிட்ராண்ட்வாசி:

டிசம்பர் லீவு நெருங்குகிறது. இங்கே தென்னாப்பிரிக்காவில், ஜோபர்க்கில் (ஜோஹன்னஸ்பர்க்) பிள்ளைகளை வீட்டுக்குள் அடைத்து வைக்க முடியாதவர்களுக்குக் கடைசிப் புகலிடம் மாலில் இருக்கும் கேம் ஆர்கேடுதான். ஒரு நாள் செலவு எவ்வளவு ஆகும் என்று வீட்டுக்காரர் கேட்டால் எனக்குப் பதில் சொல்லத் தெரிவதில்லை. சினிமாவுக்குப் போனால் டிக்கெட் இவ்வளவு, பாப்கார்ன் இவ்வளவு என்று சொல்லிவிடலாம். ஆர்கேடில் ராண்டைக் கொடுத்துக் கார்டில் கிரெடிட் ஏற்றிக்கொண்டால், அதோடு ராண்ட் என்ற பேச்சே இல்லை. மெஷினில் உள்ள சின்னத் திரையில் 14.4 என்று ஓடுகிறது. 14.4 என்றால் என்ன காசு?

நாங்கள் போகும் இடத்தில் 100 ராண்டுக்கு 100 கிரெடிட், 300 ராண்டுக்கு 360. 14.4 கிரெடிட் கேட்கும் அதே கார் ரேஸுக்கு 100 ராண்ட் கார்டு வைத்திருப்பவர் 14 ராண்ட் 40 சென்ட் கொடுக்கிறார், 300 ராண்ட் கார்டுக்காரர் 12 ராண்ட் கொடுக்கிறார். ஆக விலை மெஷினில் இல்லை, கவுண்டரில் நாம் எந்தப் பேக்கேஜ் வாங்கினோம் என்பதில் இருக்கிறது. அதிலும் ஒரு சங்கதி. 360ஐயும் ஆடித் தீர்த்தால்தான் 12 ராண்ட். 60 கிரெடிட்டை மிச்சம் வைத்துவிட்டு வீடு திரும்பினால் போனஸ் வாங்கியதும் வாங்காததும் ஒன்றுதான். முதல் தடவை போனால் கார்டுக்கும் தனியாக ஒரு தொகை.

அப்புறம் இந்தத் தசமப் புள்ளி. 15 என்று வைத்தால் யாராவது மனக்கணக்குப் போட்டுவிடுவார்கள் என்று பயமோ என்னவோ! 14.4, 9.6, 7.2 என்றே வைக்கிறார்கள். கடைசியில் கார்டில் 6.3 நிற்கும், இருப்பதிலேயே மலிவான ஆட்டம் 7.2 ஆக இருக்கும். "இன்னும் கொஞ்சம் போட்டால் ஆடலாம்மா" என்று சின்னவள் கையைப் பிடித்து இழுப்பாள்.

இப்போதெல்லாம் பிள்ளைகளிடம் கிரெடிட் கணக்கே பேசுவதில்லை. ஆளுக்கு இத்தனை ஆட்டம் என்று சொல்லிவிட்டுக் கார்டை நானே வைத்துக்கொள்கிறேன். மற்றவர்கள் எப்படிச் சமாளிக்கிறீர்கள்?

சாட்ஸ்வொர்த் தாத்தா:

என்னுடையது சனிக்கிழமை பாடசாலைத் தமிழ், மெதுவாகத்தான் எழுத வரும். ஆனால் இந்த விஷயத்தில் எனக்கு அனுபவம் அதிகம்.

எண்பதுகளில் எங்கள் தெருமுனையில், டீரூம் என்று நாங்கள் சொல்லும் சின்னக் கடையில், ரொட்டி அடுக்கியிருக்கும் அலமாரிக்கும் ஃபிரிட்ஜுக்கும் நடுவில், ஒரு பாக்மேன் மெஷின் நிற்கும். இருபது சென்ட் போட்டால் ஒரு ஆட்டம். அடுத்து ஆட வேண்டியவன் தன் இருபது சென்டைக் கண்ணாடியின் விளிம்பில் வைத்துவிட்டு நிற்பான், அதுதான் வரிசை. ரொட்டி வாங்கக் கொடுத்தனுப்பிய காசில் மிச்சம் எவ்வளவு என்று அம்மாவுக்குத் தெரியும், எங்களுக்கும் தெரியும். காசு தீர்ந்தால் வேடிக்கை பார்க்க வேண்டியதுதான், டீரூம்காரர் விரட்டும் வரை. 1993இல் டர்பன் பக்கத்தில் வெஸ்ட்வில்லில் பெவிலியன் மால் வந்தது, 2001இல் உம்லங்காவில் கேட்வே வந்தது. மால் வந்த பிறகு மெஷின்களும் அங்கே போய்விட்டன. முதலில் பித்தளை டோக்கன், இப்போது கார்டு. டோக்கன் இருந்தவரை பையில் எத்தனை இருக்கிறது என்று கையை விட்டுப் பார்த்தாலே தெரிந்துவிடும். கார்டு காலியாக இருந்தாலும் நிறைந்திருந்தாலும் ஒரே கனம்தான்.

பேரப்பிள்ளைகளோடு போகிற தாத்தா பாட்டிகளுக்கு இரண்டு விஷயம் சொல்கிறேன். இரட்டை சீட் வைத்த கார் ரேஸில் ஒவ்வொரு சீட்டுக்கும் தனித்தனியாகக் கார்டு தேய்க்க வேண்டும். ஒரு தடவை தேய்த்தால் இரண்டு பேர் ஆடலாம் என்று எண்ண வேண்டாம். என் சின்னப் பேரனுக்கு மூன்று வயது. பக்கத்து சீட்டில் உட்கார வைத்துவிடுவேன், கார்டு தேய்ப்பதில்லை. திரையில் டெமோ தானாக ஓடிக்கொண்டிருக்கும், பயல் ஸ்டியரிங்கை வளைத்து வளைத்து ஓட்டி, "தாத்தா, நான் ஃபர்ஸ்ட்!" என்பான். மெஷினும் அவனும் சந்தோஷமாக இருக்கிறார்கள், நான் ஏன் நடுவில் போகிறேன்?

இரண்டாவது, பொறுமை. கார்டைக் காட்டியதும் சில மெஷின் ஒரு நொடி யோசிக்கும். பிள்ளைகள் உடனே மறுபடி தேய்ப்பார்கள். இரண்டு ஆட்டத்துக்குக் காசு போய்விடும்.

பழைய கவுண்டர்காரன்:

படிக்கும் காலத்தில் வார இறுதிகளில் ஒரு ஆர்கேட் கவுண்டரில் வேலை பார்த்தேன். எந்த இடம் என்று சொல்லப் போவதில்லை. உள்ளே எப்படி ஓடுகிறது என்று சொல்கிறேன், மிட்ராண்ட் அக்காவின் கேள்விக்கு அதில் பதில் இருக்கிறது.

கார்டுக்குள் பணமே கிடையாது. அதில் இருப்பது ஒரு எண் மட்டும். கணக்கெல்லாம் ஆபீஸ் கம்ப்யூட்டரில் இருக்கிறது. அந்த எண்ணின் பெயரில் மூன்று பை உண்டு. ஒன்று நீங்கள் காசு கொடுத்து வாங்கிய கிரெடிட், இன்னொன்று அவர்கள் இலவசமாகப் போட்ட போனஸ், மூன்றாவது ஆடி ஜெயித்த, கவுண்டரில் பரிசாக மாற்றிக்கொள்ளும் டிக்கெட். திரையில் முதல் இரண்டையும் சேர்த்து ஒரே தொகையாகவும் காட்டலாம், பிரித்தும் காட்டலாம், அது கடைக்காரர் இஷ்டம். எந்தப் பையிலிருந்து முதலில் கழிய வேண்டும் என்பதும் அப்படியே. காசுப் பை முதலில் தீர்ந்து கடைசியில் வெறும் போனஸ் மட்டும் நிற்கிறது என்று வையுங்கள். பல இடங்களில் போனஸை பொம்மை பிடிக்கிற கிளா மெஷினிலோ பரிசு மெஷினிலோ பயன்படுத்த முடியாது. "60 கிரெடிட் இருக்கிறதே, ஏன் ஓடவில்லை?" என்று கவுண்டருக்கு வந்து சண்டை போடுவார்கள். பாவம், அவர்கள் மேல் தப்பே இல்லை. ஆகவே கார்டு வாங்கும்போதே "போனஸ் எதில் ஓடாது?" என்று கேட்டுவிடுங்கள்.

ஒரு மணி நேரம் எத்தனை ஆட்டம் வேண்டுமானாலும் ஆடலாம் என்று ஒரு கார்டு விற்பார்கள். அது வீடியோ கேம், கார் ரேஸ், கூடைப்பந்து மாதிரி ஆட்டங்களுக்குத்தான் செல்லும். டிக்கெட் கக்கும் மெஷினில் பொதுவாக ஓடாது, ஓடினாலும் டிக்கெட் வராது. காரணம் எளிது. வீடியோ கேமை இன்னொரு தடவை ஆடினால் கடைக்குக் கரண்டுச் செலவுதான். டிக்கெட் என்றால் அதற்குப் பின்னால் ஒரு பொருள் கொடுக்க வேண்டியிருக்கிறது. பெரிய பையன்களுக்கு இந்த மணிநேரக் கார்டு லாபம், டிக்கெட் பைத்தியம் பிடித்த சின்னப் பிள்ளைகளுக்கு வேண்டாம். இன்னொன்று, கூட்டம் மொய்க்கிற சனிக்கிழமை மதியம் அதை வாங்கினால் பாதி நேரம் வரிசையில் போய்விடும்.

விலையும் மெஷினில் ஒட்டிக்கொண்டிருப்பதில்லை. மேனேஜர் ஆபீஸில் உட்கார்ந்தபடியே ஒரு மெஷினின் விலையை மாற்றலாம். புதன்கிழமை பாதி விலை, சனிக்கிழமை முழு விலை என்று முன்கூட்டியே போட்டும் வைக்கலாம். வார நாளில் போகிறவர்கள் பாதி விலை நாள் எது என்று ஒரு வார்த்தை கேட்டால் போதும். கேட்டால் சொல்வார்கள், கேட்காதவர்களிடம் யாரும் ஓடி வந்து சொல்ல மாட்டார்கள்.

கிளா மெஷின் பற்றி எல்லாருக்கும் ஒரு சந்தேகம் உண்டு. நியாயமான சந்தேகம்தான். கொக்கி எவ்வளவு இறுக்கமாகப் பிடிக்க வேண்டும் என்பதை மெஷினுக்குள்ளேயே அமைக்க முடியும். சில வகைகளில், இத்தனை ஆட்டத்துக்கு ஒரு முறை முழு பலத்தோடு பிடி, மற்ற நேரம் தளர்வாகப் பிடி என்றும் வைக்கலாம். மேலே தூக்கியதும் பொம்மை நழுவுவது உங்கள் கைத்திறன் குறைவால் மட்டும் இல்லை.

டிக்கெட் கவுண்டரில் ஒரு பெண் குழந்தையை மறக்க முடியாது. இரண்டு மணி நேரம் ஆடிச் சேர்த்த டிக்கெட்டோடு வந்து, கண்ணாடிப் பெட்டியில் மூக்கை அழுத்திக்கொண்டு நின்றாள். மேல் தட்டில் ஸ்பீக்கர், ஹெட்போன். கீழ்த் தட்டில் ரப்பர் சிலந்தி, சுவரில் எறிந்தால் ஒட்டிக்கொள்ளும் பச்சைக் கை, பழ வடிவ அழிரப்பர். அவள் டிக்கெட்டுக்குக் கீழ்த் தட்டுதான். பின்னால் நின்ற அப்பா, "இதை சைனா மாலில் பத்து ராண்டுக்கு வாங்கலாம்" என்றார். சொன்னது சரி. ஆனால் அவள் காதில் அது விழவே இல்லை, பச்சைக் கையை எடுத்துக்கொண்டு குதித்துக்கொண்டே போனாள்.

கடைசியாக, கரண்டு. 2022, 2023 லோட்ஷெட்டிங் (முறைவைத்து மின்வெட்டு) காலத்தில், கரண்டு போய் ஜெனரேட்டர் ஓடத் தொடங்க எடுத்துக்கொள்ளும் அந்தச் சில நொடிக்குள் ஓடிக்கொண்டிருந்த ஆட்டம் எல்லாம் அணைந்துவிடும். கார்டில் காசு போயிருக்கும். அப்போது கத்த வேண்டாம். எந்தக் கார்டு, எந்த மெஷின், எத்தனை மணி என்று எல்லாம் கம்ப்யூட்டரில் பதிவாகியிருக்கும். மெஷின் பெயரையும் நேரத்தையும் சொல்லி உடனே கேட்டால் கிரெடிட்டைத் திருப்பிப் போட்டுவிடலாம். மெஷின் காசை விழுங்கினாலும் இதே வழிதான். மறுநாள் வந்து "நேற்று ஏதோ ஒரு மெஷின்" என்றால் எங்களாலும் தேட முடியாது.

உம்லங்கா அக்கா:

தம்பி எழுதியதில் ஒன்றைச் சேர்க்கிறேன். காலாவதி.

பழைய கார்டு ஒன்றை எடுத்துக்கொண்டு போனால், ஆறு மாதம் ஆகிவிட்டது, பேலன்ஸ் போய்விட்டது என்றார் கவுண்டரில் இருந்த பெண். கார்டின் பின்புறம் பொடி எழுத்தில் அப்படித்தான் அச்சடித்திருந்தது. நான் ஒரு வக்கீல் ஆபீஸில் வேலை பார்ப்பவள், சும்மா வந்துவிட முடியுமா?

இந்த நாட்டின் நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம் 2008ஆம் ஆண்டின் 68ஆம் எண் சட்டம். அதில் 63ஆம் பிரிவைப் படியுங்கள். முன்பணம் கொடுத்து வாங்கிய கார்டு, கிரெடிட், வவுச்சர் எதுவானாலும் அதன் முழு மதிப்பும் தீரும் வரை, அல்லது வாங்கிய நாளிலிருந்து மூன்று வருடம் வரை, இதில் எது முந்தி வருகிறதோ அதுவரை காலாவதி ஆகாது. பயன்படுத்தாத பணம் கார்டு வைத்திருப்பவரின் சொத்து என்றும் அதே பிரிவு சொல்கிறது. கடைக்காரர் விரும்பினால் மூன்று வருடத்துக்கு மேல் நீட்டலாம், குறைக்க முடியாது. கார்டின் பின்னால் என்ன அச்சடித்தாலும் சரி.

மேனேஜரைக் கூப்பிடச் சொன்னேன். சத்தம் போடவில்லை, பிரிவு எண்ணை மட்டும் சொன்னேன். அவர் உள்ளே போய் யாருக்கோ போன் செய்துவிட்டு வந்து, காசு கொடுத்து வாங்கிய கிரெடிட்டைத் திரும்ப ஏற்றிவிட்டார். போனஸ் வரவில்லை. அதற்கு நான் வாதாடவும் இல்லை. இலவசமாகக் கொடுத்ததற்கு நான் காசு எதுவும் கொடுக்கவில்லையே. கையில் ரசீது இருந்தது உதவியது. கார்டை உங்கள் போன் எண்ணில் பதிந்து வைப்பதும் நல்லது, கார்டு தொலைந்தால் பேலன்ஸை வேறு கார்டுக்கு மாற்றித் தருவார்கள்.

இன்னொன்று, 23ஆம் பிரிவு. ஒரே ஆட்டத்துக்கு ஸ்டிக்கரில் ஒரு விலையும் திரையில் வேறு விலையும் இருந்தால் கடைக்காரர் குறைந்த விலையைத்தான் கேட்க முடியும். பார்த்தாலே தெரிகிற அச்சுப்பிழை என்றால் விதிவிலக்கு.

லெனேசியா அம்மா:

என்னுடையது பர்த்டே பேக்கேஜ் கதை. என் மகனுக்குப் பிறந்த நாள் புரட்டாசியில் வரும். இங்கே புரட்டாசி என்றால் எப்படி என்று உங்களுக்குத் தெரியும், எங்கள் பக்கம் முட்டை கூட அடுப்படிக்கு வராது. தலைக்கு இவ்வளவு என்று ஆர்கேடில் ஒரு பேக்கேஜ் இருந்தது. கிரெடிட், ஹாட்டாக், ஜூஸ் எல்லாம் அதில் அடக்கம். வந்த பிள்ளைகளில் பாதிக்கு மேல் விரதம். ஹாட்டாக் வேண்டாம், காசைக் குறையுங்கள் என்றேன். பேக்கேஜ் விலையைக் குறைக்க முடியாது என்று ஒரே பிடியாக நின்றார்கள். சரி, அந்தச் சாப்பாட்டுக் காசுக்குக் கிரெடிட் போடுங்கள் என்றேன். உடனே ஒத்துக்கொண்டார்கள்! கிரெடிட் கொடுப்பதில் அவர்களுக்கு வலியே இல்லை, கையிலிருந்து காசு போனால்தான் வலி. பேரம் பேசுகிறவர்கள் தள்ளுபடி கேட்காதீர்கள், கிரெடிட் கேளுங்கள்.

பிள்ளைகளுக்கு வீட்டிலிருந்து கொண்டுபோன உருளைக்கிழங்குப் பொரியலும் ரொட்டியும் பார்க்கிங்கில் வைத்துக் கொடுத்தோம். உள்ளே வெளிச் சாப்பாடு கூடாதாம்.

ஆளுக்கு ஒரு கார்டு கொடுப்பார்கள், ஒவ்வொன்றிலும் கொஞ்சம் கொஞ்சம் மிஞ்சும். கிளம்பும் முன் எல்லாக் கார்டையும் வாங்கி, மிச்சத்தை ஒரே கார்டில் சேர்த்துத் தரச் சொன்னேன். செய்து கொடுத்தார்கள்.

மிட்ராண்ட்வாசி:

மிச்சத்தைச் சேர்க்கலாம் என்பது எனக்குப் புதுச் செய்தி. எங்கள் வீட்டு டிராயரில் நாலைந்து கார்டு தூங்குகிறது. கவுண்டர்காரத் தம்பி, இங்கே ஜோபர்க்கில் வாங்கிய கார்டு டர்பனில் ஓடுமா? லீவுக்கு அங்கேதான் வருகிறோம்.

பழைய கவுண்டர்காரன்:

ஒரே கம்பெனியின் கிளையாக இருந்தாலும் எல்லா இடத்திலும் ஓடும் என்று சொல்ல முடியாது, அக்கா. இரண்டு கிளைக்கும் ஒரே கணக்கு என்றால் ஓடும். தனித்தனிக் கணக்கு என்றால் டர்பனில் தேய்த்ததும் செல்லாத கார்டு என்று வரும். கிளம்பும் முன் கார்டின் பின்னால் இருக்கும் எண்ணுக்குப் போன் போட்டுக் கேளுங்கள். ஓடாது என்றால் அந்த நாலைந்து கார்டையும் அங்கேயே ஒன்றாகச் சேர்த்து, ஒரு வார நாளில் பாதி விலைக்கு ஆடித் தீர்த்துவிட்டு வாருங்கள்.