ஓஹாயோ ரிவர் வேலி கான்ஃபரன்ஸ்: பழைய ஆண்டுமலர் கிடைக்குமா?

வணக்கம். அமெரிக்காவில் இந்தியானாவின் தென்கிழக்கு மூலையில், கிராமத்து உயர்நிலைப் பள்ளிகள் தங்களுக்குள் மோதும் இந்த விளையாட்டுக் கூட்டமைப்பின் வரலாற்றைத் திரட்டுகிறேன். இதிலுள்ள மைலன் பள்ளி 1954-ல் வெறும் 161 மாணவர்களோடு மாநிலக் கூடைப்பந்துப் பட்டத்தையே தட்டிச் சென்றது. இறுதி ஆட்டத்தின் கடைசிக் கட்டத்தில் மைலன் வீரர் பாபி பிளம்ப் நாலு நிமிடத்துக்கு மேல் பந்தைக் கையில் வைத்துக்கொண்டு சும்மா நின்றார். ஷாட் கிளாக் (இத்தனை நொடிக்குள் பந்தைக் கூடைக்கு எறிந்தாக வேண்டும் என்று கணக்கிடும் கடிகாரம்) இல்லாத காலம்! அப்புறம் அவரே கடைசி நொடிகளில் கூடை போட்டு 32-30.

சரி, அந்தக் கதை எல்லோருக்கும் தெரியும். எனக்கு வேண்டியது, 1959-ல் வந்த பள்ளி மறுசீரமைப்புச் சட்டத்துக்குப் பின் இணைக்கப்பட்டு மறைந்த குட்டிப் பள்ளிகளின் விவரம். மைலன் இருக்கும் ரிப்ளி மாவட்டப் பக்கம் யாராவது இருக்கிறீர்களா? நூலகத்தில் 1950-களின் ஆண்டுமலர்கள் இருந்தால் விளையாட்டுப் பக்கங்களை மட்டும் படமெடுத்து அனுப்புங்களேன். நகல் செலவு என்னுடையது.