பெர்ரி காப்லர்: ஃப்ரோசன் பாக்கெட்டா, நம்ம ஊர்ப் பழமா?

கோட்டையூர் வள்ளி
எல்லாருக்கும் வணக்கம். வைகாசியில நாத்தனார் குடும்பம் அமெரிக்காவுலேர்ந்து லீவுக்கு வர்றாங்க. பிள்ளைகளுக்கு பெர்ரி காப்லர்னா உசிராம். தெரியாதவங்களுக்கு: தட்டுல சர்க்கரை போட்ட பழத்தைப் பரப்பி, மேல கெட்டி மாவைக் கரண்டி கரண்டியா வச்சு ஓவன்ல சுடுறது. அடியில மாவு கிடையாது, உருட்டுற வேலையும் கிடையாது. வீட்டுல ஓடிஜி, அதான் சின்ன கரெண்ட் ஓவன், இருக்கு. காரைக்குடியில ஒரு கடையில ஃப்ரோசன் மிக்ஸ்டு பெர்ரி பார்த்தேன், விலையைப் பார்த்துட்டு எடுத்த இடத்துலயே வச்சுட்டேன். அதை வாங்கித்தான் ஆகணுமா, இல்லை இங்க கிடைக்கிற பழத்துல செஞ்சா நல்லா வருமா? மாமியாரும் சாப்பிடணும், அதனால முட்டை கூடாது.

தேவகோட்டை ரஸ்தா
அமெரிக்காவுலேர்ந்து வர்ற பிள்ளைக்கு ப்ளூபெரி வாங்கிக் குடுக்கிறது கொல்லன் தெருவுல ஊசி விக்கிற கதை. நாவல் இருக்கு, களாப்பழம் இருக்கு, கொடைக்கானல் பிளம்ஸ் வருது. பாக்கெட்டைத் தொடாதீங்கக்கா.

மாவும் வெண்ணெயும்
நான் பேக்கரித் தொழிலில் இருப்பவன், அதனால் சொல்கிறேன். தயவுசெய்து நாவல் பழத்தில் காப்லர் செய்யக் கிளம்ப வேண்டாம். ப்ளூபெரியும் பிளாக்பெரியும் சூடு பட்டதும் உடைந்து சாறாகிவிடும். அந்தச் சாறு கொதித்து, பாதி மேலே இருக்கும் மாவில் ஏறி, பாதி கீழே கெட்டிப்படும். காப்லரின் ருசியே அங்கேதான். நாவலில் பாதிக்குக் கொட்டை, மிச்சம் துவர்ப்பு. சுட்டாலும் துவர்ப்பு போகாது. பிள்ளைகள் ஒரு வாய் வைத்துவிட்டு நாக்கை நீட்டிக் காட்டுவார்கள், ஊதா நிறத்தில்.

ஃப்ரோசன் பழம் மட்டமான சரக்கு என்று ஒரு நினைப்பு இருக்கிறது. பழுத்த பிறகு பறித்து உடனே உறைய வைப்பது அது. விமானத்தில் வரும் ஃப்ரெஷ் டப்பாவைவிட ருசி நன்றாகவே இருக்கும். ஒரு தட்டுக்கு 600 கிராம் போதும். வருஷத்துக்கு ஒரு முறை வரும் விருந்தாளிக்கு அதைச் செய்யக் கூடாதா?

தேவகோட்டை ரஸ்தா
> நாவல் பழத்தில் காப்லர் செய்யக் கிளம்ப வேண்டாம்

அண்ணே, ஒரு சின்ன சந்தேகம். உங்க கடை பன்னு மேல, கேக்கு மேல சிவப்பா ஒண்ணு ஒட்டியிருக்குமே, செர்ரின்னு. அது என்ன பழம்?

மாவும் வெண்ணெயும்
தம்பி, எதற்கு வருகிறீர்கள் என்று தெரிகிறது. ஆமாம், களாக்காய்தான். நம் நாட்டு பேக்கரிகளில் பெரும்பாலும் அதுதான். கொட்டையை எடுத்து, பாகில் ஊற வைத்து, சாயம் ஏற்றி வருவது. அதற்கும் காப்லருக்கும் என்ன சம்பந்தம்?

தேவகோட்டை ரஸ்தா
சம்பந்தம் இருக்கு. களாக்காயை செர்ரின்னு ஊருக்கே குடுக்கலாம், வள்ளியக்கா வீட்டுல அதே களாவைப் பழமா போட்டு ஒரு தட்டு செய்யக் கூடாதா? பச்சையில பால் வடியும், ஒத்துக்கிறேன். கறுத்துப் பழுத்ததுல புளிப்பும் இருக்கு, சாறைக் கெட்டியாக்குற பெக்டினும் நிறைய. ஜெல்லிக்கு அதைத் தேடி வாங்குறது அதுக்குத்தான். உங்க ப்ளூபெரிக்குக் கார்ன்ஃப்ளார் முட்டுக் குடுத்தாத்தான் நிக்கும்.

கண்டனூர் காபி
பாப்கார்ன் எடுத்துட்டு உட்காந்தாச்சு.

பள்ளத்தூர் ஆச்சி
வள்ளி, இவுக ரெண்டு பேரும் அடிச்சுக்கட்டும், நீ கேளு.

மக வீடு நியூஜெர்சியில. ப்ளூபெரிக்குப் பேர் போன மாநிலம் அது. ஜூன், ஜூலையில தோட்டத்துக்குப் போயி நாமளே பறிச்சு எடைபோட்டு வாங்கியாறலாம். அங்க இருக்கையில இதைச் செஞ்சு கை பழகிருச்சு. ப்ளூபெரியைத் தோட்டத்துல பயிராக்கி விக்க ஆரம்பிச்சதே 1916ல, அந்த மாநிலத்துலதான். அதுக்கு முந்தி எல்லாம் காட்டுல பொறுக்குன பழம். காப்லர் அதுக்கும் பழசு. வண்டி கட்டிக்கிட்டு மேற்கே குடிபோன சனம், ஓவன் ஏது அதுகளுக்கு, கனத்த இரும்புச் சட்டியை நெருப்புல வச்சு, மூடி மேலயும் கங்கை அள்ளிப் போட்டுச் சுட்டுருக்குக. பழம் வழியில எது கிடைச்சுச்சோ அது. இதுக்குப் போயி நாவல் ஆகாது, களா ஆகாதுன்னு சட்டம் பேசுனா எப்படி?

மேலயும் கீழயும் கங்கு போட்டுச் சுடுறது நம்ம வீடுகளுக்கும் புதுசில்லை. பர்மாவுல ரவையில ஒரு இனிப்பு அப்படித்தான் சுடுவாக. அங்க கொண்டுவிக்க, அதான் தொழில் பண்ண, போயி வந்த குடும்பத்துப் பெரிய மனுசிக யாரையாச்சும் கேட்டுப் பாரு, சொல்லுவாக.

ஆனா பேக்கரித் தம்பி சொல்றதுல ஒண்ணு சரி. நாவல்ல துவர்ப்பு இருக்கு. அதுக்கு வழியும் இருக்கு. நாவலுக்கு நாம ஏன் உப்புத் தொட்டுக்கிறோம்? இதுலயும் ஒரு சிட்டிகை கூடப் போடு. பரிமாறையில வெனிலா ஐஸ்கிரீம் வை. துவர்ப்பைப் பால்ல உள்ள புரதம் பிடிச்சு வச்சுக்கிரும், நாக்குல ஏறாது. தேங்காய்ப்பால் ஊத்துனா அந்த வேலை நடக்காது, ருசி வேணா இருக்கும்.

மாவும் வெண்ணெயும்
ஆச்சி, வரலாறு சரி. வழியில் கிடைத்ததைப் போட்டார்கள், வேறு வழியில்லாமல் போட்டார்கள். வழி இருக்கும்போது ஏன் போட வேண்டும் என்பதுதான் என் கேள்வி. அந்தப் பிள்ளைகள் கேட்டது பெர்ரி காப்லர். வேறொன்றைச் செய்து அதே பெயரில் வைத்தால் முதல் கரண்டியிலேயே கண்டுபிடித்துவிடுவார்கள். வள்ளி, நீங்கள் வெளியூரில் நெய்யும் கருப்பட்டியும் இல்லாமல் செய்த கந்தரப்பம் சாப்பிட்டிருந்தால் உங்களுக்கு இது புரியும்.

தேவகோட்டை ரஸ்தா
கந்தரப்பத்துல எதுக்குண்ணே கருப்பட்டி? வெல்லம். அதுலயே தொழில் தெரிஞ்சுபோச்சு.

கண்டனூர் காபி
ஆட்டம் சூடு பிடிக்குது.

மாவும் வெண்ணெயும்
கருப்பட்டியிலும் செய்கிற வீடுகள் உண்டு. பேச்சை மாற்ற வேண்டாம்.

கோட்டையூர் வள்ளி
அண்ணே, ரஸ்தா, கந்தரப்பத்துக்குத் தனியா திரி தொடங்கிக்கலாம். எனக்கு அளவு சொல்லுங்க. அதோட, இந்த வெயில்ல வெண்ணெய் எப்படிக் கெட்டியா நிக்கும்? மத்தியானம் அடுப்படிக்குள்ள போனா நானே உருகிடுறேன்.

மாவும் வெண்ணெயும்
அளவில் யாருக்கும் சண்டை இருக்காது என்று நினைக்கிறேன். எட்டு அங்குலத் தட்டுக்கு:

பழம் 600 கிராம், சர்க்கரை 100 கிராம், வெள்ளை கார்ன்ஃப்ளார் 2 டேபிள்ஸ்பூன், எலுமிச்சைச் சாறு ஒரு டேபிள்ஸ்பூன், ஒரு சிட்டிகை உப்பு. எல்லாவற்றையும் பிசிறி வையுங்கள். ஃப்ரோசன் பழமானால் உருக விடாமல் அப்படியே போடுங்கள், கார்ன்ஃப்ளார் அரை ஸ்பூன் கூடுதல்.

மேல் மாவுக்கு மைதா 150 கிராம், சர்க்கரை 2 டேபிள்ஸ்பூன், பேக்கிங் பவுடர் 2 டீஸ்பூன், உப்பு கால் டீஸ்பூன், வெண்ணெய் 70 கிராம், கெட்டி மோர் 100 மில்லி. முட்டை தேவையே இல்லை, உங்கள் மாமியார் தாராளமாகச் சாப்பிடலாம்.

வெண்ணெயை முதல் நாள் ராத்திரியே ஃப்ரீசரில் கல்லாக்கிவிடுங்கள். கேரட் துருவியில் துருவி, மாவில் விரல் நுனியால் இரண்டு பிரட்டு. உள்ளங்கையைக் கொண்டுபோகாதீர்கள், அங்கேதான் சூடு. துருவல் துருவலாகத் தெரிய வேண்டும். ஓவனில் அது உருகும்போது அதிலுள்ள தண்ணீர் ஆவியாகி மாவைத் தூக்கும். மோரை ஊற்றி முள்கரண்டியால் கிளறி, மாவு சேர்ந்ததும் நிறுத்திவிடுங்கள். சப்பாத்தி மாவு மாதிரி பிசைந்தால் ரப்பர்தான்.

சிங்கம்புணரி சிவா
வெண்ணெய்க்குப் பதில் நெய் விட்டால்?

மாவும் வெண்ணெயும்
நெய்யில் தண்ணீர் இல்லை, ஆவியும் இல்லை. நான்கட்டாய் போல உதிரும். கெட்டது என்று சொல்ல மாட்டேன், ஆனால் பஞ்சு மாதிரி உப்பி வராது. வீட்டில் கடைந்த வெண்ணெயில் தண்ணீர் அதிகம், அதைப் போட்டால் மோரைக் குறைத்துக்கொள்ளுங்கள்.

பள்ளத்தூர் ஆச்சி
தம்பி ஒண்ணை விட்டுட்டாரு. மாவைப் பச்சைப் பழத்து மேல வைக்கப்படாது. பழத்தை மட்டும் 190 டிகிரியில ஒரு கால் மணி நேரம் ஓவன்ல வச்சு, ஓரத்துல சாறு கசிஞ்சு வரையில எடுத்து, அந்தச் சூட்டு மேல மாவை வச்சுத் திரும்ப உள்ள தள்ளு. இல்லைன்னா மேல பொன்னா இருக்கும், அடியில கொழகொழன்னு பச்சை மாவு. திரும்ப வச்சபெறகு அரை மணி நேரத்துக்குக் குறையாம ஆகும்.

எப்ப எடுக்கிறதுன்னா, மாவு நிறத்தைப் பார்த்து எடுக்காத. நடுவுல, ரெண்டு மாவு உருண்டைக்கு இடையில பாரு. அங்க சாறு சளக் சளக்குன்னு கெட்டியாக் கொதிக்கணும், கூழு கொதிக்கிற மாதிரி. ஓரத்துல மட்டும் கொதிச்சா கார்ன்ஃப்ளார் வேகலைன்னு அர்த்தம், ஆறுனாலும் தண்ணியாத்தான் நிக்கும். எடுத்தபெறகு இருவது நிமிசம் யாரையும் தொட விடாத. பிள்ளைக சுத்திச் சுத்தி வரும், விரட்டு.

இன்னொண்ணு, மோர் ஊத்துறோமேன்னு சிலர் சோடா உப்பு அள்ளிப் போடுவாக. நாவலோ ப்ளூபெரியோ, ஊதாப் பழச் சாறு சோடா பட்டா பச்சையும் நீலமுமாத் திரும்பிரும். பாசி பிடிச்ச மாதிரி இருக்கும் பாக்க. பேக்கிங் பவுடரே போதும்.

தேவகோட்டை ரஸ்தா
ஆச்சி, தட்டு? அக்கா வீட்டுல பழைய எனாமல் தட்டு கட்டாயம் இருக்கும். காரைக்குடி முனீஸ்வரன் கோவில் தெருப் பழம்பொருள் கடையில டூரிஸ்ட் வாங்கிட்டுப் போறதையெல்லாம் நாம பரண்ல போட்டு வச்சிருக்கோம்.

பள்ளத்தூர் ஆச்சி
எனாமல் நல்லாத் தாங்கும், அது சூளைச் சூட்டுல வெந்து வந்த சாமான். ஆனா சில்லு பேர்ந்திருந்தா வேணாம். புளிப்பு இரும்புல பட்டா வாடையடிக்கும். அலுமினியமும் பித்தளையும் கிட்டயே வரப்படாது. கண்ணாடித் தட்டு இருந்தா அடி கொதிக்கிறது தெரியும், புதுசா செய்றவகளுக்கு அதுதான் லேசு.

கோட்டையூர் வள்ளி
கரெண்ட் போனா என்ன செய்றது ஆச்சி? மாசத்துல ஒரு நாள் பராமரிப்புன்னு காலையிலேர்ந்து சாயங்காலம் வரைக்கும் நிறுத்திடுறாங்க.

சிங்கம்புணரி சிவா
கனமான சட்டியில் மணல் போட்டு, உள்ளே ஸ்டாண்டு வைத்து, கேஸில் கால் மணி நேரம் சூடேற்றி அதற்குள் வைக்கலாம். கேக்குக்கு நாங்கள் அப்படித்தான்.

மாவும் வெண்ணெயும்
கேக்குக்குச் சரி. இதற்கு மேல்சூடு வேண்டும், இல்லையென்றால் மாவு வெள்ளையாக வெந்து இட்லி போல நிற்கும். ஆச்சி சொன்ன கங்குதான் வழி. விறகடுப்பு இருக்கிற வீடானால் தட்டை மூடி, அந்த மூடிமேல் கங்கு போட்டுப் பாருங்கள். இதில் ஆச்சியோடு எனக்குச் சண்டை இல்லை.

தேவகோட்டை ரஸ்தா
பழத்துல மட்டும் சண்டை.

மாவும் வெண்ணெயும்
பழத்தில் மட்டும். வைகாசியில் நாவல் எங்கே இருக்கிறது தம்பி? ஆனி பிறந்துதான் தலைகாட்டும், ஆடியில்தான் குவியும். களா அதற்கும் பின்னால் வரும். கூடை கூடையாக எழுதுகிறீர்கள், விருந்தாளி வரும் மாசத்தில் மரத்தில் பிஞ்சுதான் இருக்கும். ஸ்ட்ராபெரிக்கு அப்போது சீசன் முடிந்திருக்கும். மிச்சம் இருப்பது ஃப்ரோசன் பாக்கெட்.

தேவகோட்டை ரஸ்தா
பிளம்ஸை விட்டுட்டீங்களே. முதல் பதிவுலயே சொன்னேன். கொடைக்கானல் பிளம்ஸ் மே, ஜூன்ல வரும். தோல்ல புளிப்பு, உள்ள இனிப்பு, வெந்தா சிவப்புச் சாறு. துவர்ப்பு கிடையாது, கொட்டையும் ஒண்ணே ஒண்ணு. இதுல என்ன குறை சொல்லுவீங்க?

மாவும் வெண்ணெயும்
பிளம்ஸில் காப்லர் செய்வதுண்டு. அமெரிக்காவிலேயே செய்கிறார்கள். ஆனால் பெர்ரி காப்லர் என்று சொல்லிப் பரிமாறக் கூடாது, அவ்வளவுதான்.

கோட்டையூர் வள்ளி
அப்ப இப்படிச் செய்றேன். பிளம்ஸ் 400 கிராம், ஃப்ரோசன் ப்ளூபெரி சின்ன பாக்கெட் ஒண்ணு, 200 கிராம் போல. கலந்து. பிளம்ஸ் தோலை உரிக்கணுமா?

பள்ளத்தூர் ஆச்சி
உரிக்காத. நிறமும் புளிப்பும் தோல்லதான் இருக்கு. எட்டா நறுக்கு. சர்க்கரையில அரை மணி ஊற வச்சு, இறங்குன சாறைத் தனியா அடுப்புல வச்சுச் சுண்டக் காய்ச்சி, ஆற வச்சு, கார்ன்ஃப்ளாரைக் கரைச்சு திரும்பப் பழத்துல ஊத்து. பிளம்ஸ் தண்ணி விடும், இதைச் செய்யாம விட்டா மாவு மிதக்கும். எலுமிச்சையைப் பாதியாக் குறைச்சுக்க. ஃப்ரோசன் பழத்தைக் கடைசியாச் சேரு.

தேவகோட்டை ரஸ்தா
பாதி பாக்கெட், பாதி மரம். யாருக்கும் ஜெயிப்பு இல்லையா?

மாவும் வெண்ணெயும்
மூன்றில் ஒரு பங்கு பாக்கெட். கணக்கைச் சரியாகச் சொல்லுங்கள்.

தேவகோட்டை ரஸ்தா
ஆடியில நாவல் வரட்டும், நானே ஒரு தட்டு செஞ்சு படம் போடுறேன்.

மாவும் வெண்ணெயும்
போடுங்கள். மைதாவும் வெண்ணெயும் என் கடையிலிருந்து தருகிறேன். 600 கிராம் சதை வேண்டும், கொட்டையை நீங்கள்தான் எடுக்க வேண்டும்.

கண்டனூர் காபி
ரஸ்தா ஆஃப்லைன் போயிட்டாரு.